சேவல் தன் பெயரை விடாத கதை

அந்தக் காலத்தில் பறவைகளுக்கும் மனிதர்களுக்கும் ஒரே பேச்சுதான். குயிலிடம் வழி கேட்கலாம், காக்கையோடு வாய்ச்சண்டை போடலாம். அப்போது சேவல் என்பது ஏதோ ஒரு பறவைக்கு மட்டும் உரிய பெயர் இல்லை. சிறகு முளைத்ததில் ஆணாகப் பிறந்த எல்லாருக்கும் அதுதான் பெயர். காக்கையில் ஆண், காக்கைச் சேவல். புறாவில் ஆண், புறாச் சேவல். கிளிச் சேவல், காடைச் சேவல், கௌதாரிச் சேவல் என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டே போகலாம். மயிலைக்கூட மயில் சேவல் என்றுதான் கூப்பிட்டார்கள்.

அது சும்மா வைத்த பெயரும் இல்லை. பெட்டை அடையில் உட்கார்ந்துவிட்டால், பாம்பும் பருந்தும் அண்டாமல் கூட்டுக்கு எதிரே நின்று காவல் பார்க்கிறவனுக்குச் சேவல் என்று பெயர். "அடைகாப்பது பெட்டை, அதைக் காப்பது சேவல்" என்று மலையில் சொல்லிக்கொள்வார்கள். அதனால் பறவைகளுக்கு அந்தப் பெயர்மேல் ஒரு பெருமை. சின்னஞ்சிறு தேன்சிட்டுகூட, "நான் சேவலாக்கும்" என்று மார்பை நிமிர்த்திக்கொள்ளும்.

ஈச்சம்பாறை என்று ஒரு மலையூர். இருபத்தேழு குடிசைகள். ஊருக்கு மேலே இருந்த புதர்க்காட்டில் ஒரு கோழிச் சேவல் தன் பெட்டையோடு குடியிருந்தது. அந்த நாளில் கோழி நன்றாகப் பறக்கும். காலையில் இந்தப் பக்கத்துப் பள்ளத்தாக்கில் இரை பொறுக்கிவிட்டு, மதியத்துக்கு ஓடையைத் தாண்டி எதிர்மலைக்குப் போய்விட்டு வரும். ஆனால் நாம் பேசுகிற அந்த வாரம் முழுவதும் அது எங்கும் போகவில்லை. சூரைமுள் புதருக்கு அடியில் பெட்டை ஒன்பது முட்டைகளை அடைகாத்துக்கொண்டிருந்தது. சேவல் புதரின் வாசலில் நின்றது. பசித்தால் காலுக்கடியில் ஊர்ந்த எறும்பைப் பொறுக்கிக்கொண்டது.

ஊரில் அப்போது இரண்டு வருஷமாக மழை இல்லை. தினை விளையவில்லை. சாப்பிட வைத்திருந்ததெல்லாம் தீர்ந்து, கிழங்கு தோண்டித் தின்றுகொண்டிருந்தார்கள். ஆனாலும் ஒரு கூடை செந்தினையை மட்டும் யாரும் தொடவில்லை. அது விதை. மழை பெய்தால் அடுத்த வெள்ளாமைக்கு அந்த ஒரு கூடைதான் ஊர் முழுவதற்கும் கதி.

விதையைப் பார்த்துக்கொண்டவள் வெள்ளச்சி. நாற்பது வயதுக்காரி, தனிக்கட்டை. யாரையும் நம்பாத ஊர் அவளை நம்பியது. பறவைகளோடு ஊருக்கு ஓர் ஒப்பந்தம் இருந்தது: விளைந்த கொல்லையில் கடைசி வரிசை பறவைகளுக்கு, விதையில் மட்டும் யாரும் வாய் வைக்கக் கூடாது. பாட்டன் பூட்டன் காலத்திலிருந்து எந்தப் பறவையும் அதை மீறியதில்லை. அதனால் வெள்ளச்சி விதையை வெயிலில் காயப்போடும்போது பக்கத்தில் குச்சியோடு உட்காருகிற வழக்கமே இல்லை.

அன்றைக்கும் அப்படித்தான். கூடையில் வண்டு விழுந்துவிடுமோ என்று தினையைக் கொண்டுபோய் நெல்லிப்பாறையில் பரப்பினாள். காற்றில் புழுதி பறந்தது. சுனைக்குப் போய் ஒரு குடம் தண்ணீர் எடுத்து வந்தாள். வந்து பார்த்தால் பாதிப் பாறை வெறும் பாறையாக இருந்தது.

குடத்தை இறக்கி வைக்கக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. தண்ணீர் தளும்பித் தோளில் வழிய, அப்படியே நின்றாள். பிறகுதான் சத்தம் போட்டாள். ஊர் ஓடி வந்தது.

ஊர்த்தலைவர் சடையன் மூப்பர் எல்லாப் பறவைகளையும் நெல்லிப்பாறைக்கு வரச்சொல்லி ஆள் அனுப்பினார். அடையில் இருந்த பெட்டைகளைத் தவிர எல்லாரும் வந்து கூடினார்கள். கோழிச் சேவல் தயங்கித் தயங்கித்தான் வந்தது. பெட்டையைத் தனியாக விட்டு வர அதற்கு மனமில்லை. "போய்ட்டு வா. கூப்பிட்டு வராம போனாத்தான் தப்பா நினைப்பாங்க" என்று பெட்டைதான் அனுப்பி வைத்தது.

சாட்சி சொல்ல ஒரே ஓர் அணில்தான் இருந்தது. பருந்துக்குப் பயந்து பாறையிடுக்கில் ஒளிந்திருந்த அணில்.

"என்ன பார்த்தே?" என்றார் மூப்பர்.

"இடுக்குல இருந்து காலு மட்டுந்தான் தெரிஞ்சுது மூப்பரே. புழுதி படிஞ்ச காலு. குதிகாலுக்கு மேலே முள்ளு இருந்துச்சு. பெட்டைக்கு முள்ளு ஏது? அதனால ஒரு சேவல்னு தெரிஞ்சுக்கிட்டேன்."

"எந்தச் சேவல்?"

"அது தெரியலை. தின்னு முடிச்சுட்டுப் போறப்போ பின்னாடி ஏதோ பாறையில உரசிக்கிட்டே போச்சு. ஈர்க்குமாறை இழுத்துக்கிட்டுப் போற மாதிரி ஒரு சத்தம்."

 கூட்டத்தில் எல்லாருடைய கண்ணும் ஒரே பக்கம் போயிற்று. பாறையின் உயரமான மேட்டில், நான்கு முழத் தோகையைத் தரையில் இழைய விட்டபடி மயில் சேவல் நின்றுகொண்டிருந்தது. அதன் காலிலும் முள் உண்டு. அத்தனை பறவைகளிலும் நடந்தால் பின்னால் உரசுகிற வால் அது ஒன்றுக்குத்தான்.

கோழிச் சேவலுக்கு ஒரே நிம்மதி. விஷயம் வெளிச்சமாகிவிட்டது, இனி வீட்டுக்குப் போகலாம் என்று அது ஒரு காலைத் தூக்கிவிட்டது.

மூப்பர் மயிலைப் பார்த்தார். வானத்தைப் பார்த்தார். இரண்டு வருஷமாக மேகமே தங்காத வானம். மயில் ஆடினால் மழை வரும் என்று ஈச்சம்பாறையில் எல்லாரும் நம்பினார்கள். இரண்டு வருஷமாக மயில் ஆடவும் இல்லை. இந்த நேரத்தில் அதைத் திருடன் என்று சொல்லி, அது கோபித்துக்கொண்டு வேறு மலைக்குப் போய்விட்டால்? மூப்பர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"சத்தத்துக்கெல்லாம் சாட்சி கிடையாது. அணில் கண்ணால பார்த்தது எதுவோ, அதுதான் சாட்சி. அணில் என்ன சொல்லுச்சு? சேவல்னு சொல்லுச்சு. அப்போ தின்னது சேவல். இங்க சேவல் யார் யாரு, முன்னால வாங்க."

மயில்தான் முதலில் பேசியது. அதன் குரலில் துளி அவசரம் இல்லை.

"மூப்பரே, எனக்கும் அந்தப் பேருக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. யாரோ கூப்பிட்டாங்க, நானும் சும்மா இருந்துட்டேன். என் பேரு மயிலு. அதுக்குப் பின்னாடி ஒரு ஒட்டு எதுக்கு?"

"அதானே," என்றார் மூப்பர். அவர் முகத்தில் அப்போதுதான் ரத்தம் வந்தது. "மயிலுன்னா மயிலுதான். நீ தள்ளி நில்லு."

மயில் தோகையைத் திருப்பிக்கொண்டு தள்ளி நின்றது. பாறையில் அது உரசிய சத்தம் எல்லாருக்கும் கேட்டது.

இதைப் பார்த்த மற்றப் பறவைகளுக்கு வழி புரிந்துவிட்டது. காக்கைச் சேவல் தத்தி முன்னால் வந்தது. "நானும் சேவல் இல்லை மூப்பரே. காக்கை. பிறந்ததிலிருந்து காக்கைதான்." "தள்ளி நில்லு" என்றார் மூப்பர். கிளி வந்தது, "நான் கிளி" என்றது. காடை வந்தது. கௌதாரிக்கும் காலில் முள் உண்டு, அதனால் அது முறை வருவதற்கு முன்பே வரிசையை முட்டிக்கொண்டு ஓடி வந்து, "நான் வெறும் கௌதாரி, வெறும் கௌதாரி" என்று இரண்டு தடவை சொல்லிவிட்டுப் போனது. எப்போதும் மார்பை நிமிர்த்துகிற தேன்சிட்டு, சொன்னதே யாருக்கும் கேட்காதபடி சொல்லிவிட்டு இலைக்குள் புகுந்துகொண்டது.

புறாச் சேவல் கோழிச் சேவலுக்குப் பழைய சிநேகிதன். அது போகிற போக்கில் இதன் காதோரம் குனிந்தது.

"சொல்லிட்டு வந்துரு. பேருதானே. நாளைக்கு யாரு ஞாபகம் வச்சிருக்கப் போறா? உனக்கு ஒன்பது முட்டை இருக்கு."

"நான் தின்னலையே," என்றது கோழிச் சேவல்.

"நானுந்தான் தின்னலை. அதுக்குத்தான் பேரை விடுறோம்."

"தின்னாதவன் எதுக்கு விடணும்?"

 புறா முன்னால் போய், "நான் புறா" என்று சொல்லிவிட்டு, தலையைத் தொங்கவிட்டபடி தள்ளி நின்றது.

கடைசியில் பாறை நடுவே கோழிச் சேவல் மட்டும் நின்றது.   மூப்பர் அதைத் தயவாகத்தான் பார்த்தார். அவருக்கு யாரையும் தண்டிக்கவேண்டும் என்று ஆசையில்லை. எல்லாரும் பெயரை விட்டுவிட்டால், சேவல் என்று ஒருவரும் இல்லை, ஆகவே திருடனும் இல்லை என்று கூட்டத்தைக் கலைத்துவிடலாம் என்றுதான் நினைத்தார்.

"நீ யாரு? கோழிதானே? சொல்லிட்டுப் போ."

"நான் கோழிச் சேவல் மூப்பரே."

"கோழின்னு சொன்னாப் போதும்."

"போதாது. என் பெட்டை கோழி. நான் சேவல். அதைக் காவல் காத்துக்கிட்டு நின்னவனை நீங்கதான் கூப்பிட்டு விட்டீங்க. என் அப்பன் கீரிப்பிள்ளைகிட்டக் கடிபட்டுச் செத்தது கூட்டு வாசல்ல. அதைச் சேவல்னுதான் சொன்னாங்க. இன்னிக்கு யாரோ தின்னதுக்காக நான் அந்தப் பேரைக் கழுவி விட்டுட்டுப் போனா, தின்னது நானுன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி."

"அப்போ நீ சேவல்."

"ஆமா. நான் சேவல். விதையைத் தின்னது நான் இல்லை. தின்னது யாருன்னு இங்க எல்லாருக்கும் தெரியும்."

மேட்டில் நின்ற மயில் கழுத்தை மெல்லத் திருப்பிப் பள்ளத்தாக்கைப் பார்த்தது, பேச்சு யாரைப் பற்றியோ என்பதுபோல. கூட்டத்தில் ஒருவர் இன்னொருவர் முகத்தைப் பார்க்கவில்லை. மூப்பருக்கு இப்போது கோபம் வந்துவிட்டது. தான் திறந்து வைத்த வாசலில் ஒருவன் நுழைய மறுத்தால் வருகிற கோபம் அது.

"சாட்சி சேவல்னு சொல்லுது. இங்க சேவல்னு நிக்கிறது நீ ஒருத்தன்தான். ஊர்க்கட்டுப்பாடு என்னன்னு உனக்கே தெரியும்."

ஊர்க்கட்டுப்பாடு இதுதான்: விதையில் வாய் வைத்த பறவை இனி காட்டுக்குத் திரும்பக் கூடாது. சிறகின் நீள இறகுகளை அறுத்து ஊருக்குள் வைக்கவேண்டும். முளைக்க முளைக்க அறுக்கவேண்டும். அந்த நாள்வரை யாருக்கும் செய்ததில்லை. அறுக்கவேண்டியது விதையைக் காப்பவள்.

வெள்ளச்சி கதிரரிவாளோடு வந்தாள். சேவலைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டாள். அவளுடைய கை அதன் கழுத்துக்குக் கீழே போயிற்று. அங்கே தடவிப் பார்த்தாள். திரும்பவும் தடவிப் பார்த்தாள்.

"மூப்பரே, இதோட இரைப்பையைத் தொட்டுப் பாருங்க. ஒட்டிப்போய்க் கிடக்கு. ரெண்டு கல்லு தட்டுப்படுது, அவ்வளவுதான். அரைக்கூடைத் தினையைத் தின்ன வயிறா இது?"

"காலையில தின்னது இந்நேரம் செரிச்சிருக்கும்."

"அரைக்கூடையா?"

"வெள்ளச்சி," என்றார் மூப்பர். "நீ விதையை விட்டுட்டுத் தண்ணிக்குப் போனே. நான் அதைப் பத்தி ஒரு வார்த்தை பேசலை."

வெள்ளச்சி அரிவாளைக் கையில் எடுத்தாள். சேவல் அவளை நிமிர்ந்து பார்த்தது. "நீயும் தெரிஞ்சுதான் அறுக்கப்போறியா அக்கா?" என்று கேட்டது.  அவள் இறகுகளை ஒவ்வொன்றாக விரித்து அறுத்தாள். பத்து இடப்பக்கம், பத்து வலப்பக்கம். பாறையில் விழுந்த இறகுகளைக் காற்று கொஞ்சதூரம் உருட்டிக்கொண்டு போனது.

பெட்டையைப் பார்த்து அழைத்து வர ஒரு பொழுது தவணை கொடுத்தார்கள். சேவல் மலையேறி நடந்தது. எப்போதும் நாலு சிறகடிப்பில் போய்ச் சேருகிற தூரம். அன்றைக்குப் பொழுது சாயும்வரை நடந்தது. முள்ளும் கல்லும் எந்தெந்த இடத்தில் இருக்கின்றன என்று அதற்குத் தெரியவே தெரியாது. அதுவரை மேலிருந்துதான் அந்த வழியைப் பார்த்திருந்தது.

"ஏன் நடந்து வர்றே?" என்று கேட்டது பெட்டை.

சேவல் சிறகை விரித்துக் காட்டியது. நடந்ததைச் சொன்னது. பெட்டை முட்டைகளின் மேலிருந்து பாதி எழுந்துவிட்டது.

"ஏழு நாளா நீ இந்தப் புதரைவிட்டு அசையலை. எங்கிட்ட ஒருத்தராவது வந்து கேட்டாங்களா? கேட்டிருந்தா நான் சொல்லியிருப்பேனே. இப்பவே போய்ச் சொல்றேன்."

"உக்காரு. முட்டை குளிர்ந்துரும்."

பெட்டை உட்கார்ந்தது.  பிறகு, "பேரை விட்டிருந்தா இறகு இருந்திருக்கும்," என்றது.

"இருந்திருக்கும். இந்தக் குஞ்சுங்க பொரிஞ்சதும், அப்பன் யாருன்னு கேட்டா என்ன சொல்லியிருப்பே?"

பெட்டை யோசித்துப் பார்த்தது. "அதுவும் சரிதான்," என்றது.

மறுநாள் வெள்ளச்சி ஒரு கூடையில் வைக்கோல் பரப்பி எடுத்து வந்தாள். பெட்டையையும் ஒன்பது முட்டைகளையும் அதில் வைத்துத் தன் குடிசைக்குத் தூக்கிப் போனாள். பின்னாலேயே சேவல் நடந்து போயிற்று. வழியில் அவள் ஒரு தடவை நின்றாள். "நான் அறுக்க மாட்டேன்னு சொல்லியிருக்கணும்," என்றாள். சேவல் அதற்கு ஆறுதல் சொல்லவில்லை. "ஆமா, சொல்லியிருக்கணும்," என்றது. இருவரும் தொடர்ந்து நடந்தார்கள்.

நான்காம் நாள் மழை பெய்தது.

மேகம் திரண்டபோது மயில் நெல்லிப்பாறையில் ஏறித் தோகையை விரித்து ஆடியது. ஊரே நனைந்துகொண்டு பார்த்தது. மயிலுக்குத் தேன் வைத்தார்கள், இடித்த மாவு வைத்தார்கள். எஞ்சிய அரைக்கூடை விதையைப் பாதிக் கொல்லையில் விதைத்தார்கள். மறுபாதி சும்மா கிடந்தது. அதை யாரும் குறையாகப் பேசவில்லை. மழை வந்துவிட்டதே.

ஏழெட்டு நாள் கழித்து வெள்ளச்சி விறகு பொறுக்க ஓடைப்பக்கம் போனாள். அங்கே ஓர் இலவமரம். மயில் இராத் தங்குகிற மரம் அது. அதன் அடியில் பச்சைப் பசேல் என்று ஏதோ அடர்ந்து முளைத்திருந்தது. குனிந்து பார்த்தாள். தினை நாற்று. மயிலின் எச்சம் விழுந்த இடங்களிலெல்லாம் கொத்துக் கொத்தாக. அடித்தண்டில் சிவப்போடிய நாற்று. அந்த மலையில் செந்தினை வேறு யாரிடமும் கிடையாது. அந்த ஒரு கூடைதான்.

ஒரு கொத்தை வேரோடும் மண்ணோடும் பிடுங்கி எடுத்துக்கொண்டு நேரே மூப்பர் வீட்டுக்குப் போனாள். அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நாற்றை அவர் முன்னால் வைத்து, எங்கே முளைத்தது என்று சொன்னாள்.

மூப்பர் நாற்றைத் தொடவில்லை. கை கழுவினார்.

"மழை பெய்யுது. விதைச்சது முளைச்சிருக்கு. எல்லாரும் நல்லபடியா இருக்காங்க. இப்போ எதுக்கு இதைக் கிளறணும்?"

"எல்லாருமா? தின்னாதவன் இறகை அறுத்துப் போட்டிருக்கோம் மூப்பரே."

"முளைக்கும்."

"முளைக்க முளைக்க அறுக்கணும்ங்கிறதுதானே ஊர்க்கட்டுப்பாடு."

"அப்போ ஒழுங்கா அறு," என்றார் மூப்பர். உள்ளே போய்விட்டார்.

வெள்ளச்சி வீட்டுக்கு வந்து நடந்ததை ஒரு வார்த்தை விடாமல் சொன்னாள். சேவல் கேட்டுக்கொண்டே இருந்தது. "முளைக்கும்" என்ற இடம் வந்தபோது, அதன் உடம்பில் இருந்த ரத்தமெல்லாம் தலைக்கு ஏறியது. கொண்டையும் தாடியும் செக்கச்செவேல் என்று ஆகிவிட்டன. பெட்டை பயந்துபோய், "கொஞ்சம் தண்ணி குடி," என்றது. அது குடிக்கவில்லை.

அதுவரை அதற்குக் கொஞ்சம் நம்பிக்கை இருந்தது. தெரியாமல் செய்துவிட்டார்கள், தெரிந்தால் திருத்திக்கொள்வார்கள் என்று. இப்போது தெரிந்தும் ஆயிற்று.

அடுத்த நாள் விடிவதற்குச் சற்றுமுன், திட்டிலிருந்து விறகடுக்குக்குத் தாவி, விறகடுக்கிலிருந்து கூரைக்குத் தாவி, சேவல் வெள்ளச்சி வீட்டு முகட்டில் ஏறி நின்றது. வேலைக்குப் போய்விட்டால் மனிதர்களை ஒருசேரப் பிடிக்க முடியாது. வெயில் வந்துவிட்டால் பறவைகள் திசைக்கொன்றாய்ப் போய்விடும். எல்லாரும் அவரவர் இடத்தில் இருக்கிற நேரம் அது ஒன்றுதான். கழுத்தை நீட்டி, அடிவயிற்றிலிருந்து குரல் கொடுத்தது.

"நான் சேவல். விதையைத் தின்னது நான் இல்லை."

மலையில் பட்டு அந்தக் குரல் திரும்பி வந்தது. குடிசைகளில் ஆட்கள் எழுந்து உட்கார்ந்தார்கள். மரங்களில் பறவைகள் தலையைச் சிறகுக்குள் இன்னும் ஆழமாகப் புதைத்துக்கொண்டன. சேவல் தலையைச் சாய்த்துக் காது கொடுத்துக் கேட்டது. யாராவது ஒருவர், "ஆமாம், நீ இல்லை" என்று சொல்கிறாரா என்று. யாரும் சொல்லவில்லை. திரும்பவும் கூவியது.

அதற்கடுத்த நாளும் கூவியது. அதற்கடுத்த நாளும். குஞ்சுகள் பொரிந்தன. கூவுவதை அது நிறுத்தவில்லை. முதலில் சிரித்தார்கள். பிறகு வைதார்கள். ஒருவன் கல்லெடுத்து எறிந்தான். வெள்ளச்சி அவன் வீட்டு வாசலில் போய் நின்று கேட்ட கேள்வியில் இரண்டு நாள் அவன் வெளியே வரவில்லை.

ஒரு மாதம் ஆனபோது மூப்பரே வந்தார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. அவருக்குத் தூக்கம் போய் வெகுநாள் ஆகியிருந்தது.

"போனது போகட்டும். உன்னை மன்னிச்சுட்டேன். இனிமே இறகை அறுக்க வேண்டாம்னு சொல்லிடுறேன். நீ காட்டுக்குப் போ. கூரையில ஏறாதே."

"எதை மன்னிச்சீங்க?" என்று கேட்டது சேவல்.

"அதான், அந்த விதை விஷயம்."

"அதை நான் செய்யலை. செய்யாததுக்கு மன்னிப்பு எனக்கு எதுக்கு? அதை நீங்களே வச்சுக்குங்க. நெல்லிப்பாறையில எல்லாரையும் கூட்டி, தின்னது இவன் இல்லைன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. நான் இறங்கிடுறேன்."

மூப்பர் கணக்குப் போட்டுப் பார்த்தார். அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால், பிறகு யார் என்று கேட்பார்கள். கேட்டால் மயில் என்று சொல்லவேண்டும். மயில் என்று சொன்னால் அன்றைக்கே ஏன் சொல்லவில்லை என்று கேட்பார்கள்.

"அது முடியாது," என்றார்.

"அப்போ இதுவும் முடியாது," என்றது சேவல்.

அறுவடை முடிந்து ஊர் கொஞ்சம் நிமிர்ந்த பிறகு, ஒருநாள் புறா வந்தது. அதன் பின்னால் காக்கையும் கிளியும் கௌதாரியும். கொஞ்சநேரம் அதையும் இதையும் பேசிவிட்டு, புறாதான் ஆரம்பித்தது.

"எங்க வீட்டுல பெட்டை கேக்குது. என்னை இனிமே என்னன்னு கூப்பிடுறதுன்னு. எல்லாம் ஓய்ஞ்சு போச்சுல்ல. முன்ன மாதிரி நாங்களும் அந்தப் பேரை வச்சுக்கிட்டா உனக்கு ஒண்ணும் குறையாதே?"

சேவல் தன் சிறகை விரித்தது. வெள்ளச்சி அதற்குப் பிறகு அரிவாளை எடுக்கவே இல்லை. ஆனாலும் முளைத்த இறகுகள் முன்பு போல நீளவில்லை. கூரை வரைக்கும் தூக்கும், அதற்குமேல் தூக்காது.

"அன்னிக்கு நீங்க எல்லாரும் என் பக்கத்துல நின்னிருந்தா, எத்தனை பேரு இறகைத்தான் அறுத்திருப்பாங்க? அறுக்க அரிவாளும் பத்தியிருக்காது, ஆளும் பத்தியிருக்காது. பேரு உங்களுக்கும் சொந்தமாத்தான் இருந்துச்சு. கேட்டப்போ கீழே போட்டீங்க. இது நான் வச்சுக்கிட்டது. தர மாட்டேன்."

புறாவுக்கு அழுகை வந்துவிட்டது. ஆனாலும் சேவல் தரவில்லை. அவை வந்த வழியே பறந்து போயின. சேவல் அவை ஓடையைத் தாண்டி எதிர்மலையில் மறைகிறவரை பார்த்துக்கொண்டிருந்தது. பிறகு குஞ்சுகளைக் கூட்டிக்கொண்டு குப்பைமேட்டைக் கிளறப் போயிற்று.

காலம் போகப் போக மனிதர்களுக்கும் பறவைகளுக்கும் இருந்த பொதுப்பேச்சு அற்றுப்போயிற்று. யார் சொல்வதும் யாருக்கும் விளங்காமல் போயிற்று. சேவல் சொன்ன சொற்களும் தேய்ந்து கொக்கரக்கோ என்ற சத்தமாகிவிட்டன. மூப்பரும் போனார், வெள்ளச்சியும் போனாள். சேவலின் வம்சம் மட்டும் மனிதர்கள் கூரையை விட்டு இறங்கவில்லை.

அன்று முதல்தான் மயிலுக்கும் காக்கைக்கும் கிளிக்கும் புறாவுக்கும் ஆண் என்று மொட்டையாகச் சொல்கிறோம். சேவல் என்றால் கோழியில் ஆண் ஒன்றைத்தான் சொல்கிறோம். அது விடிவதற்கு முன்பே எழுந்து, சிவந்த கொண்டையோடு உயரமான இடத்தில் ஏறி நின்று கூவுகிறது. கூவி முடித்ததும் தலையைச் சாய்த்துச் சற்றுநேரம் காது கொடுத்துக் கேட்கிறது. பதில் வராததால் மறுபடியும் கூவுகிறது.